மிக்ஸி கேட்ட கணக்கு

பள்ளி இணையதளத்தில், வீட்டு மிக்ஸியோடு இணையும் கணக்கு விளையாட்டைத் திறந்துவிட்ட நாளிலிருந்து, எங்கள் மிக்ஸி கணக்குக்கு விடை சொன்னால்தான் ஓடும். அதையும் மாணவரோ ஆசிரியரோ சொல்ல வேண்டும். என் குரல் செல்லாது.

இன்று காலை பாகற்காயை நறுக்கிப் போட்டேன்.

“ஏழெட்டு எவ்வளவு?” என்றது மிக்ஸி.

“ஐம்பத்து நாலு,” என்றாள் என் மகள் மகிழ்நிலா. நேற்று தேங்காய்ச் சட்னிக்குப் பின்னக் கணக்கையே பிய்த்து உதறியவள்! மறுபடி கேட்டதற்கு “அறுபது” என்றாள்.

“ஜூஸுக்குப் பயந்து நடிக்கிறியாடி?” என்று அதட்டிவிட்டு என் கணவரைக் கூப்பிட்டேன். அதே பள்ளியில் கணக்கு வாத்தியார். விளையாட்டைத் திறந்துவிட்டவரே அவர்தான்.

“நீங்க சொல்லுங்க. ஏழெட்டு?”

சமையல் மேடையில் அவருக்கும் ஒரு டம்ளர் வைத்திருப்பதைப் பார்த்தார். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

“ஐம்பத்து... மூணு?”