பாதி வழியில் ஒரு மேகம்

"அப்புறம் என்ன ஆச்சோ, எனக்கு மறந்துபோச்சு. இதோ இருக்காங்கல்ல, இவங்களுக்குத் தெரியும். இவங்களைக் கேளு" என்று கொட்டாவி விட்டுக்கொண்டே எழுந்து போய்விட்டாள் பெரியம்மா.

கண்ணாடிக்கடைக்காரிக்குத் தூக்கிவாரிப் போட்டது. நான்கு வயதுப் பொடிசு கட்டிலில் படுத்தபடி அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தது.

தத்துக் கொடுக்கும்வரை பிள்ளைகளைத் தன் வீட்டில் வைத்து வளர்த்துத் தருவது, எல்லாப் பிள்ளைகளும் பெரியம்மா என்று கூப்பிடும் இவளுடைய வேலை. பொடிசு அங்கே வந்து ஒன்றரை வருஷமாகிறது. இப்போது கண்ணாடிக்கடைக்காரிக்கும் அவள் கணவனுக்கும்தான் பிள்ளை என்று முடிவாகிவிட்டது. ஆனால் கூட்டிக்கொண்டு போகும் முன், ஏழு நாள் மதிய வேளையில் வந்து பழக வேண்டும். அது குழந்தைகள் நலத்துறை விதி.

ஏழாவது நாள் பிள்ளை வரமாட்டேன் என்று கதவைப் பிடித்துக்கொண்டு அழுதால் என்ன செய்வது? பத்து வருஷம் காத்திருந்ததெல்லாம் வீணாகிவிடும்.

இந்த லட்சணத்தில் கதை வேறு. கடையில் கண் பரிசோதனைக்கு எழுத்துப் பலகையைக் காட்டி 'இது தெரியுதா, அது தெரியுதா' என்று கேட்டே காலத்தை ஓட்டியவள் அவள். கதைக்கும் அவளுக்கும் ஏணி வைத்தாலும் எட்டாது.

வழி தவறின மேகம் ஒன்று ஜன்னல் வழியாக வீட்டுக்குள் வந்து உட்கார இடம் தேடுகிறது. அதுவரைக்கும் சொல்லிவிட்டுத்தான் பெரியம்மா கழன்றுகொண்டிருந்தாள்.

"அது வந்து... அந்த மேகத்துக்குக் கண்ணு சரியாத் தெரியல. அதான் வழி தவறிடுச்சு. அதனால ஒரு கண்ணாடி வாங்கிப் போட்டுக்கிச்சு."

பொடிசு யோசித்தது. "மேகத்துக்குக் காது இருக்கா?"

"காது இல்லாட்டி கண்ணாடியை எங்க மாட்டும்?"

நியாயம்தான் என்று பட்டிருக்க வேண்டும். பொடிசு கண்ணை மூடிக்கொண்டது. ஜன்னல் திரை உப்பி உப்பி அடங்கியது. வெளியே தெருச் சத்தம் எங்கோ தூரத்துக்குப் போய்விட்ட மாதிரி இருந்தது. மேகம் நிஜமாகவே வந்து கட்டில் ஓரமாக உட்கார்ந்திருப்பது போலத் தோன்ற, கண்ணாடிக்கடைக்காரி கொஞ்சம் தள்ளி உட்கார்ந்து இடம் விட்டாள்.

மறுநாளும் அதே கூத்து. பெரியம்மா இரண்டு வரி சொன்னாள். 'மறந்துபோச்சு' என்றாள். போய்விட்டாள். மூன்றாம் நாளும் அப்படியே.

"அந்தம்மாவுக்குப் பிள்ளை மேல ஒட்டுதலே இல்லைங்க. ஏதோ கடனுக்கு வளர்க்குது" என்று கணவனிடம் பொருமினாள் கண்ணாடிக்கடைக்காரி. இன்னும் நாலு நாள்தானே, பொறுத்துக்கொள் என்றான் அவன்.

ஐந்தாம் நாள், மேகம் சமையலறைக்குள் போனதாகப் பெரியம்மா ஆரம்பித்ததும் பொடிசு நிறுத்திவிட்டது.

"உனக்கு ஒண்ணுமே தெரியல பெரியம்மா. மேகம் குளிக்கப் போயிருக்கு. நீ போ, அவங்க சொல்லட்டும்."

பெரியம்மா அறை மூலைக்குப் போய்த் துணி மடிக்க ஆரம்பித்தாள். எல்லாம் ஏற்கெனவே மடித்து அடுக்கியிருந்த துணிகள். என்ன செய்கிறோம் என்றுகூடத் தெரியாத அலட்சியம் என்று கண்ணாடிக்கடைக்காரிக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

ஏழாம் நாள் கணவன் காரை வாசலில் நிறுத்தினான். நலத்துறை அதிகாரியம்மாவும் வந்திருந்தார். பெட்டி ஏறியது. பெரியம்மா மட்டும் வாசலுக்கு வரவில்லை. அடுப்பில் வேலையிருக்கிறது, நீங்கள் கிளம்புங்கள் என்று உள்ளேயிருந்து குரல் மட்டும் வந்தது.

கண்ணாடிக்கடைக்காரி பின் இருக்கையில் உட்கார்ந்து கையை நீட்டினாள். பொடிசு வீட்டைத் திரும்பிப் பார்த்தது. பிறகு அவளைப் பார்த்தது.

"மேகம் அப்புறம் எங்க போச்சு?"

"வா, சொல்றேன்."

தானாகவே ஏறி அவள் மடியில் உட்கார்ந்துகொண்டது. கதவைப் பிடிக்கவும் இல்லை, அழவும் இல்லை. மேகம் காருக்கு மேலேயே கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு கூட வந்தது. மரங்கள், கம்பங்கள், மாடிகள் எல்லாம் ஜன்னலில் மிதந்து போயின. பாலம் தாண்டுவதற்குள் பொடிசு தூங்கிவிட்டது. அந்தச் சின்னத் தலையின் கனம் கைக்குள் வந்ததும் அவளுக்கு அழுகை வருவது போலிருந்தது. அப்படி ஒரு சந்தோஷம்.

முன் இருக்கையிலிருந்த அதிகாரியம்மா ஒரு படிவத்தைப் பின்னால் நீட்டினார். வளர்த்துக் கொடுத்தவரைப் பற்றி நாலு வரி எழுத வேண்டுமாம். இதற்காகத்தானே காத்திருந்தாள்.

"எழுதறதென்ன மேடம், நேராவே சொல்றேன். இன்னொரு பிள்ளையை அந்தம்மாகிட்ட விடாதீங்க. ஒரு கதையைக்கூட உருப்படியாச் சொல்லி முடிக்கத் தெரியல. பிள்ளை போகுதேன்னு வாசல் வரைக்கும் வரக்கூட மனசில்ல."

அதிகாரியம்மா தூங்குகிற பிள்ளையைத் திரும்பிப் பார்த்தார்.

"ஒன்றரை வருஷமா தினம் ஒரு கதையை முழுசாச் சொல்லித்தான் இவளைத் தூங்க வெச்சாங்க. நீங்க வரப்போறீங்கன்னு நான் சொன்ன அன்னைக்குத்தான் நிறுத்தினாங்க. ஏன்னு கேட்டேன். 'நானே முடிச்சிட்டா பிள்ளை என்கிட்டயே தூங்கிடும் மேடம். பாதியில விட்டாத்தான் மீதியைக் கேட்டுக்கிட்டு அவங்க பின்னாடி அழாமப் போகும்'னாங்க."