புள்ளி வைக்க மாட்டேன்

“இந்தப் பேப்பர்ல ரெண்டுல ஒண்ணு எழுதுங்க. இனிமே புள்ளி வெச்சுத்தான் எழுதுவேன்னு எழுதுங்க. இல்லன்னா ராஜினாமா எழுதுங்க.”

புதிதாக வந்த கண்காணிப்பாளர் ஒரு வெள்ளைத் தாளை மேசைமேல் தட்டி வைத்தார். ஆஸ்பத்திரியில் மருந்து நிறுக்கும் அறை அது. தராசு ஆடக் கூடாது, பொடி பறக்கக் கூடாது என்று அங்கே ஃபேன் போடுவதில்லை. வந்த ஐந்து நிமிஷத்தில் அவர் சட்டை முதுகோடு ஒட்டிவிட்டது.

மருந்தாளுநர் நிமிர்ந்தே பார்க்கவில்லை. விஷம் குடித்து வருகிறவர்களுக்குக் கொடுக்கும் கரிக்குருணையை நிறுத்துக்கொண்டிருந்தாள். கடைசியாக ஒரே ஒரு குருணையை இடுக்கியால் எடுத்துத் தட்டில் வைத்தாள். முள் நேராக நின்றது.

“புள்ளி வைக்க மாட்டேன் சார்.”

நர்ஸுகள் அவளுக்கு வைத்த பெயர் ‘வட்டம் அக்கா.’ இரண்டரையை ஊரே 2.5 என்று எழுதினால், அவள் 2⓪5① என்று எழுதுவாள். வட்டத்துக்குள் சைபர் இருந்தால் முழு எண். ஒன்று இருந்தால் பத்தில் பங்கு, இரண்டு இருந்தால் நூறில் பங்கு. எண்ணுக்குக் கறுப்பு மை, வட்டத்துக்குச் சிவப்பு மை.

“இதெல்லாம் நானூறு வருஷத்துக்கு முந்தின முறை. செத்துப்போனதைத் தூக்கிட்டு வந்து என்ன வீம்பு இது?”

“வீம்புதான் சார். ஆறு வருஷம் முன்னாடி ஒரு குழந்தைக்கு நானும் புள்ளி வெச்சுத்தான் எழுதினேன். கார்பன் காப்பியில புள்ளி விழல. பத்து மடங்கு மருந்து போயிடுச்சு. உயிர் பிழைச்சுது, ஆனா ரெண்டு காதும் கேக்காது. இன்னிக்கும் அந்தம்மா இங்கதான் மருந்து வாங்க வர்றாங்க. நான்தான் எடுத்துக் குடுக்கறேன்.”

“அது கவனக்குறைவு. கவனமா பார்க்கறவனுக்குப் புள்ளி தொலையாது. இருபது வருஷ சர்வீஸ்ல என் கண்ணுல ஒரு புள்ளி தப்பினதில்ல.”

அந்த நேரம் பார்த்துக் குழந்தைகள் வார்டு நர்ஸ் தலையை நீட்டினாள். “அக்கா, மூணாம் கட்டில் பாப்பா. எடை மூணு கிலோ இருநூறு.”

அக்கா எடையை 3⓪2① என்று எழுதினாள். ஒரு கிலோவுக்குக் கொடுக்க வேண்டிய மில்லிகிராம் 2①5②. எழுதிக்கொண்டே வாய்விட்டுச் சொன்னாள். வேண்டுமென்றேதான்.

“முப்பத்திரண்டை இருபத்தஞ்சால பெருக்கினா எண்ணூறு. கடைசி வட்டம் இங்க ஒண்ணு, அங்க ரெண்டு. பெருக்கும்போது வட்டத்தைக் கூட்டணும், மூணு. அதனால 8①0②0③. மருந்து ஒரு மில்லியில 4① இருக்கு. வகுக்கும்போது வட்டத்தைக் கழிக்கணும். எண்ணூறை நாலால வகுத்தா இருநூறு, மூணுல ஒண்ணு போனா ரெண்டு. 2⓪0①0②. முழுசா ரெண்டு மில்லி.”

கண்காணிப்பாளர் செல்போனில் தட்டிப் பார்த்தார். ரெண்டுதான் வந்தது. அவர் முகம் சுண்டிப்போனது.

“கணக்கு சரிதான். ஆனா நாளைக்குப் புதுசா ஒரு நர்ஸ் வந்தா இது என்ன எழவு எழுத்துன்னு முழிக்க மாட்டாங்களா?”

“முழிக்கட்டும் சார். முழிச்சா போன் பண்ணிக் கேப்பாங்க. புள்ளி தொலைஞ்சா யாரும் முழிக்க மாட்டாங்க, நேரா ஊசியைக் குத்திடுவாங்க.”

“எனக்கு நல்லாவே புரியுது சார்,” என்று நர்ஸ் சீட்டைச் சரிபார்த்துக் கையெழுத்துப் போட்டு எடுத்துக்கொண்டு நழுவினாள்.

அது அவருக்கு இன்னும் எரிச்சலைக் கிளப்பியது. “போதும். இப்பவே முடிவு சொல்லுங்க. புள்ளியா, ராஜினாமாவா?”

அக்கா வெள்ளைத் தாளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். பிறகு பெருமூச்சு விட்டாள்.

“சரி சார். புள்ளி வெச்சே எழுதறேன். ஆனா எந்த அளவா இருந்தாலும் ரெண்டாவது ஆள் சரிபார்த்துக் கையெழுத்துப் போடணும்னு விதி. நீங்களே போடுங்க.”

“அப்படி வழிக்கு வாங்க!” அவர் கைக்குட்டையை எடுத்து முகத்தையும் கழுத்தையும் அழுத்தித் துடைத்தார். “ம்... ரெண்டரை மில்லின்னு எழுதுங்க, பார்ப்போம்.”

அவள் குனிந்து எழுதினாள். பேனாவை மூடி வைத்தாள். அவர் கைக்குட்டையை மடிப்பதற்குள் இரண்டுக்கும் ஐந்துக்கும் நடுவில் கறுப்பாக ஒரு புள்ளி வந்து உட்கார்ந்திருந்தது. இடுக்கியை எடுத்த இடத்தில் வைத்துவிட்டு, தாள் ஆடாமல் ஓரத்தைப் பிடித்துக்கொண்டாள்.

அவர் கண்ணாடியை ஏற்றிவிட்டுக் குனிந்து பார்த்தார். “ரெண்டு புள்ளி அஞ்சு. எவ்வளவு தெளிவா இருக்கு! இதுக்குப் போய் ஆறு வருஷமா இந்த ஆஸ்பத்திரியையே வட்டம் படிக்க வெச்சீங்களே.” ‘சரிபார்த்தேன்’ என்று கொட்டை எழுத்தில் எழுதி, தேதியும் போட்டு, அடிக்கோடு இழுத்துக் கையெழுத்திட்டார்.

மை காயட்டும் என்பதுபோல் அவள் தாளின்மேல் மெல்ல ஊதினாள். தராசுத் தட்டில் ஒரு கறுப்புக் குருணை போய் விழுந்தது. முள் ஒரு தடவை ஆடி நின்றது.

“இப்பப் படிங்க சார்.”

“ரெண்டு...” அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டினார். “இருபத்தஞ்சு மில்லி.”

“கீழ இருக்கறது யார் கையெழுத்து சார்?”