ஸமத் முதலாளியின் டிரைவர்

"கிளியரன்ஸ் பேப்பர கிழிச்சு அடுப்புல போடணுமாம். சம்பளத்துக்குன்னு டவுன் பக்கம் வரவே கூடாதாம்."

ஸமத் முதலாளியின் கடையில் மூட்டை தூக்கும் கலந்தர், தோட்டத்து லயத்து வீட்டு வாசலில் நின்றபடியே சொன்னான்.

"ஏனாம்?" என்றான் நாகமுத்து.

"அதெல்லாம் எனக்குச் சொல்லல்ல." கலந்தர் நழுவிவிட்டான்.

நாகமுத்துவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எட்டு வருஷமாக முதலாளியின் லொறியை ஓட்டுகிறவன். சண்டை நடக்கிற வடக்குக்கு அரிசி ஏற்றிப்போக மற்ற டிரைவர்மார் கையை விரித்தபோதும் போய் வந்தவன். லொறி வடக்கே போகலாம் என்று ராணுவம் எழுதிக் கொடுத்த அந்தக் கிளியரன்ஸில்தான் டிரைவர் என்று அவன் பெயர் இருக்கிறது. அங்கே வேலை செய்ததற்கு வேறு அத்தாட்சி ஒன்றும் அவனிடம் கிடையாது.

"அதான் கிழிக்கச் சொல்றாரு," என்றாள் மனைவி வேலம்மா. "அது போச்சுன்னா நீங்க யாரு, அவரு யாரு? நல்ல மனுசன்னு நம்பினோமே."

அடுத்த மாதமும் சம்பளம் வரவில்லை. நாகமுத்து மாத்தளைக்கு பஸ் ஏறி, தொழில் கந்தோர் அதிகாரியிடம் சம்பளப் பாக்கி என்று முறைப்பாடு கொடுத்தான்.

விசாரணை அன்று முதலாளி தனியாக வரவில்லை. வெள்ளைச் சட்டை போட்ட ஒரு சிங்கள மாத்தயாவும் கூடவே வந்து, பின்னால் கிடந்த வாங்குப் பலகையில் உட்கார்ந்தார். பொய்ச் சாட்சிக்கு ஆள் பிடித்திருக்கிறார் என்று நாகமுத்து பல்லைக் கடித்தான்.

"இவர் உங்க டிரைவரா?" என்று கேட்டார் அதிகாரி சந்திரகாந்தா.

"இல்ல மிஸ். இந்த ஆள நான் கண்டதே இல்ல."

"நெஞ்சத் தொட்டுச் சொல்லுங்க மொதலாளி."

முதலாளி அவன் பக்கமே திரும்பவில்லை. "சும்மா சல்லிக்கு வந்திருக்கான் மிஸ். அனுப்பி விடுங்க."

எட்டு வருஷம் சோறு போட்ட மனுஷன் இப்படியா பேசுவார்? நாகமுத்துவுக்கு அழுகையே வந்துவிட்டது. மடியிலிருந்த கிளியரன்ஸை எடுத்து மேசையில் வைத்தான்.

"லொறி நம்பர், என் பேரு, போன தேதி எல்லாம் இருக்கு பாருங்க. வடக்குக்கு ஓட்டிட்டுப் போனது நான்தான் மிஸ்."

"நாகமுத்து, வாய மூடுடா," முதலாளி பதறி எழுந்தார்.

"பாத்தீங்களா மிஸ்? கண்டதே இல்லாத ஆளு பேரு எப்படித் தெரியுது?"

ஜெயித்துவிட்ட நிம்மதியில் நாகமுத்து நிமிர்ந்து நின்றான். அதற்குள் வெள்ளைச் சட்டைக்காரர் எழுந்து வந்து, அந்தத் தாளை வாங்கிப் படித்துவிட்டு அவன் தோளில் கையை வைத்தார்.

"நான் பொலிஸ். அந்த அரிசி மூட்டைக்குள்ள ஒளிச்சு, வடக்குக்குக் கொண்டுபோகத் தடை போட்ட பற்றரி போயிருக்கு. ஓட்டினவன் யாருன்னுதான் இவ்வளவு நாளா விசாரிக்கிறோம்."

பிறகு முதலாளியிடம் திரும்பினார்.

"அப்ப, லொறிய ஓட்டினது நீங்கதான்னு எதுக்கு மொதலாளி எங்களுக்குக் கையெழுத்துப் போட்டுக் குடுத்தீங்க?"