இரவல் சாவி

சாவி அவள் கைக்கு வந்துவிட்டது. வேண்டாம் என்று சொல்ல வாய் வரவில்லை.

"வெறுங்கையோட கேலரிக்கு யாராச்சும் வருவாங்களா அக்கா? இந்தாங்க, கடைச் சாவி. எனக்கு வீட்டுச் சாவி இருக்கு."

கொடுத்தவன், மேல்மாடிக் கேலரியில் அவளுக்குப் பக்கத்து இருக்கைக் கறிக்கடைக்காரன். ஜெல்சோ என்று தானே பேர் சொல்லிக்கொண்டான்.

கனத்த இரும்புச் சாவி. தண்டில் துளை. உதட்டில் வைத்து ஊதினால் விசில்.

இத்தாலியின் வடக்கே அந்தச் சின்ன ஊரில், ஓபரா என்ற பாட்டு நாடகத்துக்கு வருகிறவர்கள் வீட்டைப் பூட்டிச் சாவியோடு வருவது திருடனுக்குப் பயந்து மட்டும் அல்ல.

"பாட்டு நல்லா இல்லேன்னா ஊதணுமா?"

"ஊதணும். ஆனா முடிஞ்ச பிறகு. நடுவுல ஊதுறவன் மனுஷனே இல்ல. எவ்வளவு மட்டமா பாடினாலும் கடைசி வரைக்கும் கேப்போம். கேட்டுட்டுத்தான் கொல்லுவோம்."

சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள். சிரிக்காவிட்டால் கண்டுபிடித்துவிடுவார்கள்.

மேடையில் பாடப்போவது அவள் மகள்.

மகள் எர்சிலியாவுக்கு இந்த ஊரில் இது முதல் இரவு. இன்று விசில் விழுந்தால் காலையில் கம்பெனி முதலாளி ஒப்பந்தத்தைக் கிழித்துவிடுவார். விசில் வாங்கியவள் என்ற பேர், அவளுக்கு முன்னால் அடுத்த ஊருக்குப் போய்ச் சேர்ந்துவிடும். அப்புறம் யாரும் கூப்பிட மாட்டார்கள்.

கைதட்டிக் காப்பாற்றவும் முடியாது. பெற்றவள் கேலரியில் இருந்து தட்டுகிறாள் என்று தெரிந்தால் இரண்டு மடங்கு ஊதுவார்கள்.

அதனால்தான் கறுப்புச் சால்வையை முக்காடாகப் போட்டுக்கொண்டு, யாரோ போல, இங்கே.

"போன பனிக்காலத்துல ஒரு டெனர், உச்சக் குரல் பாடகன், வந்தான்," என்றான் ஜெல்சோ. "மேல போனவன் குரல் உடைஞ்சு விழுந்துட்டான். ஊதினோம். ஊர்ல ஒரு வண்டிக்காரன்கூட அவனை ஏத்தல. ராஜா வேஷத்தோடயே அடுத்த ஊருக்கு நடந்து போனான்."

"பாவம்."

"அவன் பாவமா? அந்தப் பாட்டு பாவம் இல்லையா அக்கா?"

வயலின்கள் தொடங்கின.

மகள் பாடினாள். முதல் சரணம் நன்றாகவே போயிற்று. யாரோ பெருமூச்சு விட்டார்கள்.

தாய் குரலைக் கேட்கவில்லை. மூச்சைக் கேட்டாள்.

ஒவ்வொரு வரி முடிவிலும் மூச்சு கொஞ்சம் குறைந்தது. துணி கிழியும் முன் ஒரு நூல் மட்டும் விட்டுப்போகும் அல்லவா, அந்தச் சத்தம். மகள் பச்சைக் குழந்தையாகக் கக்குவானில் இழுத்தபோதே தாய் காதில் ஏறிய சத்தம்.

இரண்டாம் சரணத்தின் முடிவில் அந்த உச்ச ஸ்வரம் வரும். காலையில் விடுதி அறையில், தேன் விட்ட வெந்நீருக்குப் பிறகும், குரல் அங்கேதான் உடைந்தது.

"ராத்திரி வந்துடும்மா."

"வந்துடும்டி."

வராது.

ஜெல்சோ நிமிர்ந்து உட்கார்ந்தான். அவனுக்கும் கேட்டுவிட்டது. வீட்டுச் சாவியைக் கால்சட்டையில் துடைத்தான். முன்வரிசையில் ஒருவன் துடைத்தான். அதற்கு முன்னால் ஒரு கிழவி.

சத்தமே இல்லாமல் கேலரி முழுக்கச் சாவிகள் வெளியே வந்தன.

மகள் இரண்டாம் சரணத்தின் பாதியில் இருந்தாள்.

இரவல் சாவியின் இரும்பு தாயின் உதட்டில் சில்லென்று பட்டது.

ஊதினாள்.

பாட்டு நின்றது. வயலின்கள் ஒன்றன்மேல் ஒன்று இடித்துக்கொண்டு நின்றன. கீழே, அப்போது அந்த ஊரை ஆண்ட ஆஸ்திரிய அதிகாரிகள் கழுத்தைத் திருப்பி மேலே பார்த்தார்கள். மகளும் பார்த்தாள்.

"எவ அது?"

"பாட்டு நடுவுலயா? மாட்டுக் கொட்டாய்லேருந்து வந்தியாடி?"

சால்வையைப் பிடித்து இழுத்தார்கள். முதுகில் கை வைத்து வெளியே தள்ளினார்கள். ஜெல்சோ மட்டும் தொடவில்லை.

"சொல்லித்தானே அக்கா குடுத்தேன்," என்றான், தாழ்ந்த குரலில்.

கதவு அடைபட்டது. படிக்கட்டில் இருட்டு. உள்ளே ஒரு முரட்டுக் குரல் கேட்டது.

"நீ பாடு தாயி. நாங்க இருக்கோம். தண்ணியக் குடிச்சிட்டு முதல்லேருந்து பாடு."

பாட்டு முதலிலிருந்து தொடங்கிற்று.

அவள் படியில் உட்கார்ந்தாள். முதல் சரணம். இரண்டாவது. குரல் ஏறியது. ஏறியது.

உடைந்தது. அதே இடத்தில்.

அவள் கண்ணை மூடிக்கொண்டாள். சாவிகளுக்காகக் காத்திருந்தாள்.

கைதட்டல் எழுந்தது. கால்களும் சேர்ந்து தட்டின. படிக்கட்டுக் கூரையிலிருந்து சுண்ணாம்புத் தூள் அவள் சால்வைமேல் உதிர்ந்தது.

பின்வாசலில் வண்டி நின்றது. மகள் ஏறி அம்மா பக்கத்தில் உட்கார்ந்து, மடியில் பூக்களைக் கொட்டிக்கொண்டாள்.

"யாரோ ஒரு பாதகத்திம்மா. நடுவுல ஊதிட்டா. நீ மேலதானே இருந்தே, பாத்தியா?"

"கூட்டத்துல தெரியலடி."

"கடைசியில கொஞ்சம் பிசிறிடுச்சோன்னு நெனைச்சேன். அத்தனை பேரும் தட்டினாங்க. அப்போ குரல் நல்லாத்தான் இருந்திருக்கு. இல்ல?"

"நல்லா இருந்துது."

மகள் சாய்ந்துகொண்டாள். பாடிவிட்டு வரும்போதெல்லாம் அம்மாவின் இரண்டு கைகளையும் எடுத்துத் தொண்டையில் வைத்துக்கொள்வாள். சூட்டுக்காக. சின்ன வயதிலிருந்து அப்படித்தான்.

அம்மா இடது கையை மட்டும் நீட்டினாள்.

வலது கை சால்வைக்குள் மூடியபடியே இருந்தது. உள்ளே சாவியின் இரும்பு வியர்வையில் வழுக்கியது.

வண்டி ஒரு விளக்கைக் கடந்தது. மகள் முகம் ஒரு கணம் தெரிந்தது, மறைந்தது.

"அந்தக் கையையும் குடும்மா."