அண்ணியைக் கொன்றவர்

"அந்த அண்ணி உங்களுக்கு என்னங்க துரோகம் பண்ணினா? லாரியை விட்டு ஏத்திட்டீங்களே!"

காய்கறிப் பையைப் பொத்தென்று மேஜையில் வைத்தாள் மனைவி. எழுத்தாளர் நிமிரவே இல்லை. டி.வி. தொடர் எழுத வந்த எட்டு வருஷத்தில் பதினோரு பேரைப் பரலோகம் அனுப்பியவராயிற்றே!

"காய்காரம்மா எனக்குத் தக்காளி தர மாட்டேன்னுட்டாங்க. கொலைகாரன் பெண்டாட்டியாம் நான்! லிஃப்ட்ல ஒருத்தரும் முகம் குடுத்துப் பேசறதில்ல."

"கதைதானேம்மா..."

"போன மாசம் பெரியப்பாவைக் கிணத்துல தள்ளினீங்க. அதுக்கு முன்னாடி டீச்சர் வீட்டுக்குத் தீ வெச்சீங்க. இன்னும் ஒரு சாவு விழட்டும், நான் எங்கம்மா வீட்டுக்குப் போயிடறேன்!"

அழைப்பு மணி அடித்தது. கதவைத் திறந்தவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது.

அண்ணியாக நடித்தவள், கையில் இனிப்புப் பெட்டியோடு நின்றிருந்தாள்.

பாவம், பிழைப்பில் மண்ணைப் போட்டதற்குச் சண்டை பிடிக்க வந்திருக்கிறாள் என்று நினைத்தாள் மனைவி.

"ரொம்ப தேங்க்ஸ் சார்! நாளைக்கு ஃப்ளைட். பிரசவத்துக்கு முன்னாடி பொண்ணுகிட்ட போய்ச் சேர்ந்துடுவேன்." நடிகை இனிப்புப் பெட்டியை மனைவியிடம் நீட்டினாள். "ரெண்டு மாசம் லீவு கேட்டேன்க்கா. தயாரிப்பாளர் முடியவே முடியாதுன்னுட்டார். தொடர் முடியற வரைக்கும் ஒப்பந்தம். கதையில செத்தாத்தான் விடுவாங்க."

"அப்போ பெரியப்பா?"

"முழங்கால் ஆபரேஷன்."

"டீச்சர்?"

"மேல்படிப்புக்கு இடம் கிடைச்சுதுக்கா."

மனைவி கணவர் பக்கம் திரும்பினாள். "அதுக்கு லாரிதானா? வெளியூருக்கு அனுப்பினா ஆகாதா?"

எழுத்தாளர் தலையைச் சொறிந்தார். "அனுப்பிப் பார்த்தேனே! தயாரிப்பாளர் மறுவாரமே திரும்பி வரவெச்சுட்டார். மாரடைப்பு குடுத்தா கோமாவுல படுக்கவெச்சு இழுக்கறார். லாரின்னாத்தான் பேச்சுக்கே இடமில்ல. வெளியே மூச்சு விட்டுடாதே, தெரிஞ்சா அடுத்த சாவு எனக்குத்தான்."

நடிகையை வழியனுப்ப அவர் வாசலுக்குப் போனபோது, மேஜையில் இருந்த அவருடைய போன் அடித்தது. மனைவி எடுத்தாள். "ம்... ம்... அடப்பாவமே!" என்று கேட்டுக்கொண்டாள்.

"யாரும்மா?"

"தொடர்ல மாமியாரா வர்றவங்க. அவங்க மகளுக்கு அடுத்த மாசம் கல்யாணமாம். நாலு நாள்கூட லீவு கிடையாதாம்."

"இன்னும் ஒரு சாவு விழுந்தா அம்மா வீட்டுக்குப் போயிடுவேன்னியே?"

மனைவி நாற்காலியை அவர் பக்கமாக நகர்த்திப் போட்டாள். பேனாவையும் எடுத்துக் கையில் கொடுத்தாள்.

"மொதல்ல உக்காருங்க. லாரி ஏற்கெனவே வந்துடுச்சு, இந்தத் தடவை ரயிலை விடுங்க!"