ஓரம் வெட்டிய படம்

இலட்சுமிப்பிள்ளை அன்றைக்கும் படத்தைக் கெடுக்க வந்துவிட்டார்.

பலெர்மோ நகரத்தில், பல்லரோச் சந்தையடியில் ஞாயிறு பின்னேரம். சந்தை கலைந்துவிட்டது. சதுக்கத்தில் கூடிய தமிழ்ச் சனத்தைச் சாந்தரூபன் தேவாலயப் படிகளில் வரிசையாக நிறுத்தி, போனைத் தூக்கிப் பிடித்திருந்தான்.

“தம்பி, இதிலை வேண்டாம். அங்காலை அந்தச் சுவரடியிலை எடுப்பம்.”

“அன்ரி, அது குப்பைத்தொட்டியடி. மணக்கும்.”

“படத்திலை மணக்காதுதானே. வாங்கோ பிள்ளையள்.”

சனம் சிரித்துக்கொண்டே இடம் மாறியது. அவர் கொண்டுவந்த மீன் ரோல்ஸ் பை இன்னும் பிரிபடவில்லை, அதுதான் காரணம்.

சுவரில் நகரசபையின் பலகை ஒன்று இருந்தது. அதில் பலெர்மோ என்று ஊரின் பேர் பெரிதாக எழுதியிருக்கும். எந்த ஞாயிறும் அதற்குக் கீழேதான், வரிசையின் கடைசி ஆளாக, இலட்சுமிப்பிள்ளை நிற்பார். அவருக்குப் பக்கத்தில் குப்பைத்தொட்டி.

கண்ணாடியைக் கழற்றிக் கைப்பைக்குள் வைத்தார். தலைக்குப் பூசிய கறுப்பு மை வெயிலுக்குக் காதோரம் இறங்கியிருந்தது. அதைச் சீலைத் தலைப்பால் துடைத்தார்.

“படத்திலை பலகை விழுதோ தம்பி?”

“பலகையும் விழுது, நீங்களும் விழுறியள். கண்ணாடியைப் போடுங்கோ அன்ரி, எங்கையோ பாக்கிறியள்.”

“வேண்டாமடா. கண்ணாடி போட்டால் வேறை ஆள் மாதிரி இருக்கும்.”

சாந்தரூபனின் மனைவி நிசாந்தி அவன் காதுக்குள் சொன்னாள்: “மையும் அடிச்சு, கண்ணாடியும் கழட்டி... உந்த வயசிலை ஆருக்கு வடிவு காட்டப் போறாவோ!”

இலட்சுமிப்பிள்ளைக்கு நகரத்தின் சீசாப் பகுதியில் ஒரு கிழட்டு வெள்ளைக்காரச் சின்யோராவை வீட்டோடு இருந்து பார்க்கிற வேலை. தூக்குவது, துடைப்பது, ஊட்டுவது எல்லாம் அவர்தான். ஞாயிறு பின்னேரம் மட்டும் வெளியே விடுவார்கள். சண்டை முடிந்து, முகாமில் இருந்து, வன்னியிலிருந்து தனியாக வந்தவர். அவராக ஒன்றும் கதைத்ததில்லை. ஒருவரும் கேட்டதுமில்லை.

“தம்பி, பேஸ்புக்கிலை போட்டால் எல்லா நாட்டிலையும் பாக்கலாமோ?”

“ஓம் அன்ரி. கனடாவிலையும் பாப்பினம், கொழும்பிலையும் பாப்பினம்.”

“பேர் மாத்திக்கொண்டு இருக்கிறவை?”

சதுக்கமே சிரித்தது. “கள்ளப் பேரிலை இருக்கிறவைதான் அன்ரி கூடப் பாக்கிறவை!”

“அப்ப சரி,” என்று சொல்லி, அவனுக்கு மட்டும் இரண்டு ரோல்ஸ் கொடுத்தார்.

வீடு இருக்கிற ஒரேத்தோவுக்குத் திரும்பும் பஸ்சில் சாந்தரூபன் படத்தைத் திறந்தான். விரலால் ஓரத்தை இழுத்தான். பலகை போனது, குப்பைத்தொட்டி போனது, இலட்சுமிப்பிள்ளையும் போனார். பிறகுதான் படத்தைத் தன் பேஸ்புக் பக்கத்தில் போட்டான்.

அதற்கும் ஒரு கதை உண்டு. முதல் படத்தை அவன் வெட்டாமல்தான் போட்டான். லண்டனிலிருந்து ஒருத்தன் வந்து, ‘குப்பைத்தொட்டியும் கிழவியும் நல்ல சோடி’ என்று எழுதிவிட்டுப் போனான். அதற்கு விழுந்த சிரிப்புகள் படத்துக்கு விழுந்த லைக்கைவிடக் கூட. ஹோட்டலில் கோப்பை கழுவுகிறவனுக்கு அந்தப் பக்கம் ஒன்றுதான் மரியாதை. அந்தப் படத்தை அன்றிரவே அழித்தான். அன்றைக்குப் பிடித்த பழக்கம், மூன்று வருசமாகிவிட்டது.

இலட்சுமிப்பிள்ளையிடம் இருந்தது பட்டன் போன். அவர் பார்க்கவா போகிறார்?

“போட்டிட்டியோ தம்பி?” என்று ஞாயிறு தவறாமல் கேட்பார்.

“போட்டிட்டன் அன்ரி. நல்ல வடிவா இருக்கிறியள்.”

சின்யோராவின் மகன் தன் பழைய போனை அவருக்குக் கொடுத்தது இந்தப் படம் எடுத்ததற்கடுத்த ஞாயிறு. படியில் குந்தி, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு காத்திருந்தார்.

“இதிலை உன்ரை பேஸ்புக்கைக் காட்டு பாப்பம்.”

“இஞ்சை நெற் வராது அன்ரி.”

அவன் சட்டைப் பைக்குள் போன் கிணுங்கியது. யாரோ லைக் போட்டிருந்தார்கள்.

“உன்ரையிலை வருகுதெல்லோ. தா.”

கொடுக்காமல் இருக்க முடியவில்லை. ஒவ்வொரு படமாகத் தள்ளிப் பார்த்தார். தைப்பொங்கல், விளையாட்டுப் போட்டி, மலைக்கோயில் ஏறினது, பல்லரோ, பல்லரோ. நிசாந்தி சிரித்தாள், பிள்ளைகள் நாக்கை நீட்டினார்கள். ஒரு படத்தின் ஓரத்தில் ஊதா நிறத்தில் கொஞ்சத் துணி தெரிந்தது.

“இந்தச் சீலை என்ரையெல்லோ?”

“அது வந்து... குப்பைத்தொட்டி விழுந்தது அன்ரி. பாக்க வடிவில்லை எண்டுதான் ஓரத்தை வெட்டினனான்.”

“எல்லாத்திலையுமோ?”

அவன் நிலத்தைப் பார்த்தான். இன்றைக்குக் கிழவி கத்தப்போகிறா என்று நிசாந்தி அவன் முழங்கையைப் பிடித்தாள்.

“கோவிக்காதேங்கோ அன்ரி. இண்டைக்கு உங்களை நடுவிலை விட்டு எடுக்கிறன். லைக்கும் கன பேர் போடுவினம்.”

இலட்சுமிப்பிள்ளை கத்தவில்லை. கண்ணாடியைக் கழற்றினார். போனை அவன் கையில் திருப்பி வைத்தார்.

“அப்ப, நான் உயிரோடை இருக்கிறது என்ரை பெடியனுக்கு இன்னும் தெரியாது.”