பானைக்குள் மிதந்தது

சுற்றுலா வரும் குடும்பங்களுக்குத் தயிர் கடையச் சொல்லிக்கொடுக்கும் பண்ணை வீடு அது. அங்கே புதிதாக வந்த மத்து, முதல் நாளே திடுக்கிட்டுப் போனது. ஒரு குடும்பம் கயிற்றை நாலு இழுப்பு இழுத்து போட்டோ எடுத்துக்கொண்டது. உடனே பண்ணைக்காரர், உள்ளங்கையில் மறைத்திருந்த, கடையில் வாங்கிய வெண்ணெயைப் பானைக்குள் விட்டு, அப்போதுதான் திரண்டதுபோல எடுத்துக் காட்டினார். எல்லோரும் கைதட்டினார்கள்.

"அக்கா, இது ஏமாத்து வேலை இல்லையா?" என்றது மத்து.

"வந்த அன்னிக்கே நியாயம் பேசாதே," என்றது பழைய பானை. "எனக்குத் தெரிஞ்சு வெண்ணெய் இப்படித்தான். வெளியிலிருந்து வரும், வெளியே போயிடும்."

"அப்போ நான் எதுக்கு?"

"போட்டோவுக்கு."

மறுநாள் வந்த குடும்பத்தில் அம்மா மட்டும் கயிற்றை விடவில்லை.

"போட்டோ எடுத்தாச்சும்மா, வா!" என்று பிள்ளைகள் கூப்பிட்டார்கள்.

"நீங்க போய்ச் சாப்பிடுங்க," என்று சொல்லிவிட்டு அவள் கடைந்துகொண்டே இருந்தாள். மத்தும் மூச்சைப் பிடித்துக்கொண்டு சுழன்றது.

திடீரென்று பானை அலறியது.

"ஐயோ! யாரும் எதுவும் போடாமலே எனக்குள்ளே மஞ்சளா ஏதோ மிதக்குது! சீக்கிரம் யாரையாவது கூப்பிடு, என்னைக் கழுவச் சொல்லு!"